தட்டு கழுவும் மாப்பிள்ளை

யாராவது முகத்தைப் பார்த்தால் ஜாய்ஸுக்குப் பேச்சு வராது. அதனால்தான் கம்பெனி பஸ்ஸில் டிரைவருக்குப் பின்னால் இருக்கும் முதல் சீட் அவளுக்குப் பிடித்துப்போனது. அங்கே உட்கார்ந்தால் மற்றவர்களுக்கு அவளுடைய பின்னந்தலை மட்டும்தான் தெரியும். முன்கண்ணாடியில் ஓடும் ரோட்டைப் பார்த்துக்கொண்டே அவள் கதை சொல்வாள்.

பஸ் புதுப்பட்டினத்தில் கிளம்பி, திருக்கழுக்குன்றம், செங்கல்பட்டு வழியாகச் சிங்கப்பெருமாள் கோயிலைத் தாண்டிப் போகும். கெமிஸ்ட்ரி படித்துவிட்டு பெயின்ட் கம்பெனி லேபில் சேர்ந்த புதிதில், ஜாய்ஸ் வழியெல்லாம் நாவல் படித்துக்கொண்டு வந்தாள். எல்லாம் ஒரே ஜாதி நாவல்கள். அழகான வீடு, அன்பான கணவன், ஏதோ சரியில்லையே என்று ராத்திரி விழித்துக்கொள்ளும் மனைவி. பேக்கிங்கில் இருக்கும் தனகோடிக்கு ஓடுகிற வண்டியில் எழுத்தைப் பார்த்தாலே குமட்டும். பக்கத்தில் உட்கார்ந்து, அதுல இன்னா போட்டுகீது என்று நச்சரித்தாள். ஜாய்ஸ் மெல்லச் சொன்னாள். பின்சீட்டுக்காரிகள் எட்டிக் கேட்டார்கள். கொஞ்ச நாளில் டிரைவர் ஏசுபாதம் பாட்டு போடுவதையே விட்டுவிட்டார்.

வம்பு, ஒரு வெளிநாட்டுக் கதையில் வந்தது. அதில் வரும் கணவன் பனியைத் தள்ளினான், நிலவறையில் ஒயின் அடுக்கினான், மெஷினில் தட்டு கழுவினான். தனகோடிக்கு ஒன்றும் பிடிபடவில்லை. நம்ம பக்கத்து ஆளா மாத்திச் சொல்லு என்றாள். ஜாய்ஸ் அவனை நம்ம பக்கத்துக்குக் கொண்டுவந்தாள். பக்கத்திலிருந்து பார்த்து அவளுக்குத் தெரிந்த இளவயது ஆண்பிள்ளை ஒருவன்தான். அவளுடைய அண்ணன் கிருபாகரன்.

ஆகவே கதையின் கணவன் சாப்பிட்ட தட்டைத் தானே கழுவினான். மனைவி எழுந்திருக்குமுன் தண்ணீர் பிடித்து வைத்தான். துவைத்த போர்வையை மூலைக்கு மூலை சேர்த்து மடித்தான். குரலை உயர்த்தியதே கிடையாது. இவ்வளவையும் சொல்லிவிட்டு ஜாய்ஸ் குரலைத் தாழ்த்தி, அவனுக்கு முதலில் ஒரு மனைவி இருந்தாள், அவள் என்ன ஆனாள் என்று யாருக்கும் தெரியாது என்றாள். செங்கல்பட்டில் ஏற வேண்டியவர்களை ஏசுபாதம் கொஞ்சம் தாண்டிப்போய்த்தான் நிறுத்தினார்.

திரும்பிப் பார்க்காமல் கதை சொல்வதில் ஒரு கஷ்டம் உண்டு. யார் முகம் எப்படிப் போகிறது என்று தெரியாது. நடுசீட்டில் சந்திரம்மா உட்கார்ந்திருந்தாள். கிருபாகரனுக்குத் தன் அக்கா மகள் பிரிசில்லாவைக் கொடுக்கலாம் என்று பேச்செடுத்ததே அவள்தான். போன மாதம் ஜாய்ஸ் வீட்டுக்கு வந்தபோது, காபி குடித்த டம்ளரை மாப்பிள்ளை தானே எடுத்துப்போய்க் கழுவி வைத்ததைக் கண்ணால் பார்த்திருந்தாள்.

அந்த வாரக் கடைசியில் பெண் வீட்டிலிருந்து போன் வந்தது. கொஞ்ச நாள் தள்ளிப்போடலாம் என்றார்கள். ஜாய்ஸின் அம்மா காரணம் கேட்டார். சுற்றிவளைத்து, கடைசியில் பெண்ணின் அப்பா சொன்னதை அம்மா நடுக்கூடத்தில் நின்று அப்படியே திருப்பிச் சொன்னார்.

"பையன் ரொம்ப நல்லவனா தெரியறானாம். அதான் யோசனையா கீதாம்."

சம்பளம் போதாது என்று ஒரு இடம் போயிருக்கிறது. உயரம் போதாது என்று ஒரு இடம். குணம் அதிகமாகிப் போனது இதுதான் முதல் தடவை. அம்மாவுக்குக் கோபப்படுவதா பெருமைப்படுவதா என்று தெரியவில்லை. கிருபாகரன் கல்பாக்கத்தில் வேலைமுடிந்து வந்த சட்டையைக்கூட மாற்றாமல் பெட்டில் படுத்து சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிரிசில்லாவோடு ஒரே ஒரு தடவைதான் போனில் பேசியிருக்கிறான். அன்றைக்கு முழுக்க அவன் தானாகச் சிரித்துக்கொண்டிருந்ததை ஜாய்ஸ் பார்த்திருந்தாள். இப்போதுதான் நடுசீட்டுச் சந்திரம்மா அவளுக்கு ஞாபகம் வந்தாள்.

கெடுத்தது கதை, சரிசெய்வதும் கதைதான் என்று முடிவுசெய்தாள். திங்கட்கிழமை காலையில் முன்கண்ணாடியைப் பார்த்தபடி, கணவன் ஒரு தப்பும் செய்யவில்லை என்றாள். முதல் மனைவி வெளியூரில் சௌக்கியமாக இருக்கிறாள், எல்லாம் பக்கத்து வீட்டுக்காரன் கட்டிவிட்ட கதை என்றாள்.

பஸ் கொதித்துப் போனது.

"இன்னாடி இது? இத்தினி நாளா வயித்துல நெருப்பக் கட்டிகினு வரோம், பக்கத்து வூட்டுக்காரனாம்," என்றாள் தனகோடி. "தப்பு பண்ணாத ஆம்பள எதுக்குடி தட்டக் கழுவுறான்? எங்கூட்டு ஆளு இருவது வருசத்துல ஒரு டம்ளரத் தூக்கினது இல்ல. நாளிக்கே தூக்கினா நான் நேரா ஸ்டேசனுக்குத்தான் போவேன்."

எல்லோரும் அதை ஒத்துக்கொண்டார்கள். புத்தகத்தில் அப்படியா போட்டிருக்கிறது, எடுத்துக் காட்டு என்றது ஒரு குரல். ஏசுபாதம் கண்ணாடி வழியாக அவளைப் பார்த்து, வண்டிய ஓரங்கட்டவா பாப்பா, நிதானமா ஞாபகப்படுத்திச் சொல்றியா என்று கேட்டார். ஜாய்ஸின் காது சூடாகிவிட்டது. புத்தகத்தில் கொன்றவன் கணவன்தான். அதைச் சொன்னால் அண்ணன் கதி அதோகதி. சொல்லாவிட்டால் பஸ் விடாது. இன்னும் சில பக்கம் பாக்கி இருக்கிறது, படித்துவிட்டுச் சொல்கிறேன் என்று முனகிவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

சாயங்காலம் திருக்கழுக்குன்றத்தில் இறங்கும் முன் சந்திரம்மா முதல் சீட்டுக்கு வந்து குனிந்தாள். தினமும் வீட்டுக்குப் போனதும், ஒரே வீட்டில் இருக்கும் பிரிசில்லாவுக்கு இந்தக் கதையைச் சொல்லியாக வேண்டியிருக்கிறதாம். சொல்லாவிட்டால் அவள் தோசை ஊற்றுவதில்லையாம். பக்கத்து வீட்டுக்காரன் சேதியை இன்றைக்குப் போய் எப்படிச் சொல்வது என்று சந்திரம்மாவுக்கே கவலை.

"ஞாயித்துக்கெழம சர்ச்சு முடிஞ்சி மாமல்லபுரம் வரோம். உங்க அண்ணனையும் இட்டுகினு வா. அவளே உன்ன பாக்கணும்னு சொல்றா," என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை கடற்கரையில் கூட்டம். மீன் வறுக்கும் கடையில் சந்திரம்மாவையும் கிருபாகரனையும் நிற்க வைத்துவிட்டு, பிரிசில்லா ஜாய்ஸைத் தண்ணீர்ப் பக்கம் தள்ளிக்கொண்டு போனாள். செங்கல்பட்டில் ஒரு ஸ்கேன் சென்டரில் வேலை பார்க்கிறவள். எதையும் உற்றுப் பார்த்துப் பழகிய கண். ஜாய்ஸ் அலையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். முகத்தைப் பார்க்காவிட்டால் சொல்லிவிடலாம். தட்டும் தண்ணீரும் போர்வையும் அண்ணனுடையவை, கொலை புத்தகத்துடையது, அண்ணனுக்கு எறும்பைத் தள்ளிவிடக்கூட மனசு வராது, இதைத்தான் சொல்ல வேண்டும் என்று மனப்பாடம் செய்துகொண்டு வந்திருந்தாள்.

"அக்கா, அந்தக் கதைல வர்ற ஆளு..."

"நிறுத்துங்க. முடிவச் சொல்லாதீங்க."

ஜாய்ஸ் திரும்பிப் பார்த்துவிட்டாள்.

கல்யாணத்தைத் தள்ளிப்போட்டது அப்பாவும் சித்தியும்தான், தன்னை யாரும் கேட்கவே இல்லை என்றாள் பிரிசில்லா. அதற்கு முன்னால் மூன்று மாப்பிள்ளைகள் வந்து போனார்களாம். வந்து உட்கார்ந்து மிக்சரைக் கையில் எடுப்பதற்குள் எல்லாம் விளங்கிவிடுமாம். சம்பளம் இவ்வளவு, கோபம் இவ்வளவு, அம்மா பேச்சைக் கேட்பது இவ்வளவு. முதல் பக்கத்திலேயே கடைசிப் பக்கம் தெரிந்துவிட்டால் மிச்சத்தை யார் படிப்பார்கள் என்று கேட்டாள்.

"இவர் ஒருத்தர்தான் புரியல. சொல்லாமலே தண்ணி பிடிச்சு வைக்கிற ஆளு மனசுல என்ன ஓடுதுன்னு ராத்திரியெல்லாம் யோசிச்சிகினு இருக்கேன். பயமாவும் இருக்கு, சிரிப்பாவும் இருக்கு. அதை நானே கண்டுபிடிச்சுக்கறேன்."

சொல்லிவிட்டு நேராக மீன் கடைக்கு நடந்தாள். கிருபாகரனிடம் ஏதோ கேட்டாள். இரண்டு பேரும் கோயில் பக்கமாகக் கொஞ்ச தூரம் நடந்துவிட்டு நின்றார்கள். பிரிசில்லா பேசிக்கொண்டே இருந்தாள். கிருபாகரன் தலையைத் தலையை ஆட்டினான். பிறகு, ஒரு நிமிஷம் என்பது போல் கையைக் காட்டிவிட்டு மணலில் கால் புதைய ஜாய்ஸிடம் ஓடிவந்தான். நெற்றியெல்லாம் வியர்வை.

"ஜாய்ஸ், அவங்களுக்கு சம்மதமாம். ஆனா நான் எதையோ மறைக்கிறேன்னு சொல்றாங்க. அது என்னன்னு இப்ப சொல்ல வேணாமாம், ஆனா ஏதோ இருக்குன்னு மட்டும் ஒத்துக்கணுமாம்." அவன் குரல் இறங்கியது. "எங்கிட்ட மறைக்கறதுக்கு என்னா இருக்குது? ஒண்ணுமே இல்லியே."

ஜாய்ஸ் படித்த நாவல்களை மனசுக்குள் புரட்டிப் பார்த்தாள். இப்படி ஒரு கணவன் எதிலும் வந்ததில்லை.

"அத மட்டும் அவங்களுக்குத் தெரியாம பாத்துக்கோண்ணா," என்றாள்.

"எத்தினி நாளைக்கு?"

"முடியற வரைக்கும்."

கிருபாகரன் அதை யோசித்தான். பொய் சொல்லிப் பழக்கமில்லாதவன். ஒன்றுமில்லாத ஒன்றை வருஷக்கணக்கில் எப்படிக் காப்பாற்றுவது என்று நினைக்க நினைக்க அவன் புருவம் நெருங்கியது, தாடை இறுகியது, கண் எங்கோ கடலுக்குள் போனது. அவன் முகம் இவ்வளவு பயங்கரமாக இருந்து ஜாய்ஸ் பார்த்ததில்லை.

தூரத்தில், மீன் கடைக்குத் திரும்பிச் சித்தியோடு நின்றிருந்த பிரிசில்லாவும் அந்த முகத்தைப் பார்த்தாள். சித்தியின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். என்னடி என்று சந்திரம்மா பதறினாள். பிரிசில்லா கண்ணை எடுக்காமல், ஒன்றுமில்லை, தேதி குறிக்கச் சொல்லு என்றாள்.