மாட்டின் பின்பாதிக்கு ஒரு கடைசி வரி

1

மறைப்பானேன், இந்தக் கதை ஒரு பிணத்திலிருந்து கிளம்பியது. இங்கிலாந்தின் யார்க்‌ஷர் கடற்கரை ஊரான ஸ்கார்பரோவில் மழை கொட்டிய ஒரு மதியம், பக்கத்து வீட்டு மேவிஸோடு உட்கார்ந்து பழைய கறுப்பு வெள்ளைப் படம் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கொலையுண்டு கிடந்த பெண்ணின் மூக்கு மெல்லத் துடித்தது. "அது நம்ம டோரா. தும்மலை அடக்குறா பாரு," என்றாள் மேவிஸ். சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலித்துவிட்டது.

2

முதல் தொடக்கம்: டோரா பிக்கர்ஸ்கில் என்னும் உன்னதக் கலைஞர்... (அடித்துவிட்டேன். அவளே படித்தால் தேநீர் புரையேறிவிடும்.)

அடுத்தது: கடல் சீறிய ஒரு மார்கழி மாலை... (யார்க்‌ஷரில் மார்கழியாம்! எனக்கே வெட்கமாக இருக்கிறது.)

இது தேவலை: டோரா ஒரு மாட்டின் பின்பாதி.

ஆமாம். கிறிஸ்துமஸ் வந்தால் கடற்கரை அரங்கில் பிள்ளைகளுக்காகப் பாட்டும் கூத்துமாக ஒரு நாடகம் போடுவார்கள். அதில் இரண்டு பேர் ஒரே தோலுக்குள் நுழைந்து ஆடும் மாடு கட்டாயம் உண்டு. தோலுக்குள் முன்பாதி வில்ஃப், அவன் இடுப்பைப் பிடித்துக் குனிந்தபடி டோரா. சினிமாவிலோ பிணம், இல்லையென்றால் தேநீர் ஊற்றும் கை. தலை நரைக்கும்வரை அவள் குரலை ஒரு ரசிகர்கூடக் கேட்டதில்லை.

3

ஐம்பத்தேழாம் வருஷம், தேவதையாக நடிக்கவிருந்த பெண் பனியில் வழுக்கிக் கணுக்காலை உடைத்துக்கொண்டாள். இயக்குநர் சட்கிளிஃப் டோராவைக் கூப்பிட்டார். (அவள் திறமையை உணர்ந்து என்று எழுதியிருந்தேன். பொய். தேவதையின் சட்டை வேறு யாருக்கும் ஏறவில்லை.)

நாடகத்தை முடித்துவைக்கும் வரி தேவதையுடையது. டோராவுக்கு ஆசையெல்லாம் அந்த ஒற்றை வரிமேல்தான்.

"இத்தனை வருஷமா என் முதுகையே பாத்துட்டு இருந்தவ, இப்ப வெளிச்சத்துக்குப் போற. பயமா இல்லையா?" என்றான் வில்ஃப்.

"இருக்கு. ஆனா ஒரு தடவை, ஒரே தடவை, கடைசி வரிசைக்கு என் குரல் கேக்கணும்."

4

இங்கேதான் சிக்கல். ஒத்திகையில் அந்தக் கடைசி வரியை யாரும் வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். ரசிகர்கள் வருமுன் நாடகத்தை முடித்துவிட்டால் ஆகாது என்று ஒரு நம்பிக்கை. அந்த இடம் வந்ததும் "டம்டி டம்டி டம்" என்று ஒப்பேற்றிவிடுவார்கள்.*

டோராவும் அப்படியே செய்தாள். மேடையில் டம்டி, பேருந்தில் டம்டி, அடுப்படியில் மீன் பொரிக்கும்போதும் டம்டி. வரி மனப்பாடம். நாக்குதான் அதை ஒருமுறைகூடத் தொட்டுப் பார்க்கவில்லை.

(* சிரிக்காதீர்கள். இந்த நாடகக்காரர்களோடு பழகிப் பழகி, மேடைக்குப் பின்னால் விசிலடிப்பதை நானும் விட்டுவிட்டேன். அதுவும் ஆகாதாம்.)

5

முதல் நாள். அரங்கு நிரம்பி வழிந்தது. மாடு ஆடியது, வில்லன் பதுங்கி வந்தபோதெல்லாம் பிள்ளைகள் "பின்னாடி பாரு!" என்று தொண்டை கிழியக் கத்தினார்கள். கடைசியில் டோரா மேடையின் முன்னால் வந்து மந்திரக்கோலை உயர்த்தினாள். வாயைத் திறந்தாள்.

"டம்டி டம்டி டம்."

பக்கத்துத் திரை மறைவில் சட்கிளிஃப் தலையில் அடித்துக்கொண்டார். டோராவுக்குக் காது மடல்வரை சிவந்தது.

இந்த இடத்தில் எனக்கு மூன்று முடிவுகள் தோன்றின.

அ) திரை விழுகிறது. டோரா மறுபடி மாட்டுக்குள்ளே போய்விடுகிறாள். (எழுதவே மனசு வரவில்லை.)

ஆ) முன்வரிசையில் இருந்த லண்டன் தயாரிப்பாளர் துள்ளி எழுந்து... (சும்மா கதை விடாதே என்றாள் மேவிஸ்.)

இ) மாடத்தின் கடைசி வரிசையிலிருந்து, வாயெல்லாம் மிட்டாய்ப் பிசுக்கோடு ஒரு வாண்டு திருப்பிக் கத்தியது: "டம்டி டம்டி டம்!"

கடைசி வரிசைக்குக் கேட்டிருக்கிறது! அடுத்த நொடி அரங்கமே டம்டி போட்டது. டோராவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. எனக்கும்தான். சத்தம் ஒருவழியாக ஓய்ந்தபோது மாட்டுக்குள்ளிருந்து வில்ஃபின் குரல் வந்தது.

"வரியைச் சொல்லித் தொலை டோரா. பின்னாடி புது ஆளுக்கு இடுப்பு விட்டுப்போச்சு."

6

அந்த வரி எனக்குத் தெரியும். நாக்கு நுனியில் நிற்கிறது. ஆனால் நான் எழுதுவதெல்லாம் ஒத்திகைதானே? நீங்கள் படிக்கும்போதுதான் திரை தூக்குகிறார்கள். இங்கே அதை எழுதிவைத்து அவளுக்குக் கெடுதல் தேடித்தர மாட்டேன், போங்கள்.

கோல் உயர்ந்திருக்கிறது. அரங்கில் ஒரு சத்தமில்லை. கடைசி வரிசையில் இருப்பது இப்போது நீங்கள். டோரா உங்களைத்தான் பார்க்கிறாள், மூச்சை நன்றாக இழுத்துக்கொண்டு வாயைத் திறக்கிறாள்: