நூற்றிருபதாம் நம்பர் கண்

1

மனிதகுலத்தின் வரலாறு என்பது, கண் தன் சோம்பலை வென்ற வரலாறு.

எழுதியதும் எங்கேயோ படித்த மாதிரி இருந்தது. யோசித்துப் பார்த்தால், நான் எழுதியதுதான். இரண்டு வருஷத்துக்கு முன்னால் கிராஸ்கட் ரோட்டில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடைத் திறப்புவிழாவுக்கு எழுதிக்கொடுத்த நோட்டீஸின் முதல் வரி. அதற்கு நேர் கீழே 'துடைக்கும் துணி இலவசம்' என்று போட்டிருந்தார்கள். ஜனங்கள் துணிக்காக வந்தார்கள்.

ஆகவே இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்பதை ஒழுங்காகச் சொல்லிவிடுகிறேன். பத்திரிகை ஆசிரியர் கதை கேட்டார். கையில் ஒன்றுமில்லை. பீளமேட்டில் என் பழைய சிநேகிதர் வரதராஜுலு வீட்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பதினோரு மணிக்கு நான் பார்த்த ஒன்று மட்டும் இருந்தது. நடந்தது இவ்வளவுதான்: டிவிக்குப் பின்னால் ஒரு வயர் ஒரு ஓட்டையிலிருந்து இன்னொரு ஓட்டைக்குப் போய், பத்து நிமிஷத்தில் திரும்பி வந்தது. யாருக்கும் அடிபடவில்லை. எனக்கு அறுபத்தொன்று நடக்கிறது. இதைவிடப் பெரிய சம்பவங்களைத் தூக்க இடுப்பு இடம் கொடுப்பதில்லை.

2

முதல் தொடக்கம்: 'வரதராஜுலுவின் கண்கள் கழுகின் –'

(வேண்டாம். இரண்டு கண்ணிலும் புரை எடுத்திருக்கிறது.)

இரண்டாம் தொடக்கம்: 'நொடிக்கு நூற்றிருபது படங்கள்! அந்த வெள்ளத்தில் காலமே தன் –'

(காலத்துக்கு ஒன்றும் ஆகவில்லை. விஷயத்தைச் சொல்.)

விஷயம் இது. டிவியில் விளையாடும் கார்ப் பந்தயம் நம் கண்ணுக்கு ஓட்டமாகத் தெரிந்தாலும், உண்மையில் ஒன்றன்பின் ஒன்றாக வரும் படங்கள்தான். ஒவ்வொரு படத்துக்கும் ஃபிரேம் என்று பெயர். நொடிக்கு அறுபது ஃபிரேம் வந்தால் போதும் என்றிருந்தார்கள். இப்போது வரும் விளையாட்டுப் பெட்டிகள் நூற்றிருபது தருகின்றன. வழுக்கிக்கொண்டு போகும் என்கிறார்கள்.

வரதராஜுலு நாற்பது வருஷம் நூல் மில் நடத்தியவர். நூலுக்கு நம்பர் உண்டு. நம்பர் ஏற ஏற நூல் மெலியும். அறுபதாம் நம்பர் நல்ல நூல். நூற்றிருபது என்றால் கைக்குள் வைத்திருப்பதே தெரியாது. ஒரு முழம் இழுத்து, கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே உருட்டி, வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து நம்பர் சொல்வார். தப்பினதில்லை என்று அவர் மில்லின் பொன்விழா மலரில் இருக்கிறது. அந்த மலரையும் நான்தான் எழுதினேன்.

இனி அவர் மகள் ஹாரிகா. இருபத்தேழு வயது. பெங்களூரில் வேலையிலிருந்தாள். எட்டு மாசத்துக்கு முன்னால், நிச்சயதார்த்தத்துக்கு மூன்று வாரம் இருக்கும்போது, மாப்பிள்ளை வீட்டுக்குத் தானே போன் போட்டு, "மன்னிச்சுக்குங்க, வர வேண்டாமுங்க" என்று சொல்லிவிட்டாள். வேலையை வீட்டிலிருந்தே பார்ப்பதாகச் சொல்லி ஊருக்கு வந்தாள். அப்பா பேச்சை நிறுத்திவிட்டார். அவள் எதிரில் உட்கார்ந்திருக்கும்போதே மனைவியிடம், "பத்மா, உன் பொண்ணச் சாப்பிடச் சொல்லு" என்பார். பத்மாவதியம்மா திரும்பி, "உங்க நைனா சாப்பிடச் சொல்றாரு" என்பார். இப்படியே நாலு மாசம்.*

* அவர்கள் வீட்டுக்குள் பேசுவது தெலுங்கு. என் தெலுங்கு ஓட்டல் தெலுங்கு. அதனால் எல்லாரையும் கோயமுத்தூர்த் தமிழில் பேசவைத்திருக்கிறேன். அவர்களும் பாதி அப்படித்தான் பேசுவார்கள்.

அப்புறம் அவள் ஒரு பெரிய டிவியும் விளையாட்டுப் பெட்டியும் வாங்கினாள். மாட்டிக்கொடுக்க வந்தது ரிஃபத். கோட்டைமேட்டில் கடை. பேச்சு கம்மி, வேலை சுத்தம். அவன் ஹாரிகாவிடம், "அறுபது இல்லீங்க அக்கா, இது நூத்திருபது" என்றான். பின்னால் பேப்பர் படித்துக்கொண்டிருந்த வரதராஜுலு பேப்பரை மடித்தார்.

"தம்பி, அறுபதுக்கும் நூத்திருபதுக்கும் வித்தியாசம் தெரியாதவன் என்ன மனுசன்?"

"நூலுங்களா சார்?"

"எல்லாம் நூல்தான். ஓட்டிக் காட்டு."

ஹாரிகா காரை ஓட்டினாள். அவர் பார்த்தார். காற்றில் ரெண்டு விரலையும் சேர்த்து உருட்டினார்.

"பட்டு," என்றார். பிறகு, நாலு மாசத்தில் முதல் தடவையாக மகளைப் பார்த்து, "ஏன் கண்ணு, இது நூத்திருபதுதான?"

"ஆமாங்க நைனா."

(இங்கே வயலின் வாசிக்கலாம் என்று தோன்றுகிறவர்கள் வேறு கதை பார்த்துக்கொள்ளலாம்.)

அன்றிலிருந்து தினமும் காலை பதினொன்றுக்கு, அவளுக்கு ஆபீஸ் மீட்டிங் இல்லாத நாற்பது நிமிஷம், ரெண்டு பேரும் டிவி முன்னால். அவர் கையிலும் ஒரு கன்ட்ரோலர் கொடுத்தாள். அவர் நிதானமாகக் கொண்டுபோய்ச் சுவரில் இடிப்பார். இடித்துக்கொண்டே பேசுவார்கள். ஒருநாள் நான் இருந்தபோது:

"அந்தப் பையன் கிட்ட என்ன கண்ணு குறை?"

"ஒண்ணும் இல்லீங்க நைனா. எனக்குத்தான் வேண்டாம்."

"ம்."

"வளைவு வருதுங்க. பிரேக் புடிங்க."

இடித்தார். ஆனால் கேட்டுவிட்டார். எட்டு மாசத்தில் அந்தப் பெண்ணிடம் அந்தக் கேள்வியை நேரடியாகக் கேட்டது அவர் ஒருத்தர்தான். அவளுக்கு அப்பாவிடம் போக அந்த வீட்டில் திறந்திருந்த கதவு அது ஒன்றுதான். அந்தக் கதவுக்குப் பூட்டு, சாவி, தாழ்ப்பாள் எல்லாம் 'எனக்கு நூற்றிருபது தெரிகிறது' என்ற அவருடைய பெருமை. இது போனால் அதுவும் போய்விடும். கதையில் பணயம் இது. மறந்துவிடாதீர்கள், நான் நடுவில் மறக்கக்கூடும்.

ஞாயிற்றுக்கிழமைகளில் விருந்தாளிகளுக்குக் காட்சி உண்டு. மில்காரர்கள், டாக்டர்கள், சம்பந்தி முறையாக வந்திருக்க வேண்டியவர்களின் பங்காளிகள்கூட. "தெரியுதுங்களா?" என்பார் வரதராஜுலு. கோயமுத்தூரில் ஒருத்தர் வீட்டில் காபி குடித்துக்கொண்டே தெரியவில்லை என்று சொல்வது நடவாத காரியம். "நல்லாத் தெரியுதுங்க!" "ஆகா, என்னங்க இப்படி வழுக்குது!" நானும் சொன்னேன். சொன்னதோடு நிற்காமல் 'காலத்தின் மெல்லிழை' என்று ஒரு கட்டுரையும் எழுதினேன்.

 அந்தக் கட்டுரை வந்த மாசம்தான் உடுமலைப்பேட்டை வாசகர் வட்டம் ஒன்று எனக்கு விருது கொடுத்தது. கதைக்குச் சம்பந்தமில்லை. சொல்லாமல் இருக்க முடியவில்லை.

3

இப்போது விளையாட்டுப் பெட்டியிலிருந்து டிவிக்குப் போகும் வயர் இடம் மாற வேண்டும். டிவிக்குப் பின்னால் நாலு ஓட்டை. அதில் மூன்றாவதும் நாலாவதும்தான் நூற்றிருபதைத் தாங்கும். முதல் ஓட்டையில் செருகினால் படம் வரும், சத்தம் வரும், எல்லாம் வரும். ஆனால் அறுபதுதான் வரும். எந்த எச்சரிக்கையும் வராது.

மாற்றியது யார்? பத்மாவதியம்மா என்று வைத்துக்கொண்டேன். ஒரு கோயில் கும்பாபிஷேகத்தை நேரலையில் பார்க்க வயரைப் பிடுங்கி, பிறகு திருப்பிச் செருகும்போது –

"ஏனுங்க, நான் எப்பங்க டிவிக்குப் பின்னாடி போனேன்?"

"கதைக்காகங்க அம்மா."

"அங்க பல்லி இருக்குதுங்க."

"கதையில பல்லி இல்லைன்னு வெச்சுக்கலாமுங்க."

"நீங்க வெச்சுக்குவீங்க. பல்லி வெச்சுக்குமா? கும்பாபிஷேகத்த நான் போன்லயே பாத்துப்போட்டேன்."

(பாத்திரம் ஒத்துழைக்கவில்லை. ஆனாலும் வேறு ஆள் கிடைக்காததால் பத்மாவதியம்மாவே மாற்றியதாக இருக்கட்டும். அது நடந்து மூன்று மாசம்.)

4

அந்த ஞாயிற்றுக்கிழமை. ஒரு கன்ட்ரோலரில் கோளாறு. கார் தானாக இடது பக்கம் இழுத்தது. ரிஃபத் சரிசெய்து கொண்டுவந்திருந்தான். வரதராஜுலு உள்ளே போனில் பேசிக்கொண்டிருந்தார். ஹாரிகா மாடியில். ஹாலில் நான், காபி, ரிஃபத்.

அவன் பெட்டியின் அமைப்புப் பக்கத்தைத் திறந்து பார்த்தான். நின்றான். டிவிக்குப் பின்னால் போன் லைட்டை அடித்துப் பார்த்தான். வந்து என் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தான்.

"அண்ணா, இது அறுபதுல ஓடுதுங்க."

"அப்படியா?"

"நான் மூணாவதுல சொருகுனேன். சத்தியமாங்க. ஸ்டிக்கர் ஒட்டிப்போட்டுத்தான் போனேன். இப்ப ஒண்ணுல இருக்குது. யாருங்கண்ணா மாத்துனது?"

"எனக்கென்ன தெரியும் தம்பி?"

அவன் தலையைச் சொறிந்தான். "சொன்னா, சார் இத்தன நாளா ஊரையே கூப்பிட்டுக் காட்டுனது என்னாகறது? அக்கா முன்னாடி அவரு மொகத்த எங்க வெப்பாரு? சொல்லாமப் போனா, நாளைக்கு வேற எவனாச்சும் பாத்துப்போட்டு, 'ரிஃபத் மாட்டுன லட்சணத்தப் பாருங்க'ம்பான்."

"சத்தமில்லாம மாத்திப்போடு."

"மாத்துனாச் சாருக்குத் தெரிஞ்சிருமேங்க."

"தெரியாட்டி?"

தெரிந்தால், மூன்று மாசம் தெரியவில்லை என்றாகும். தெரியாவிட்டால், எப்போதுமே தெரியவில்லை என்றாகும். கடைசியில் அவனுடைய வேலைச் சுத்தம் ஜெயித்தது. எழுந்து போய் வயரை மூன்றில் செருகினான்.

5

முடிவு (அ): ரிஃபத் உண்மையைச் சொல்கிறான். வரதராஜுலு வாய்விட்டுச் சிரித்து மகளைக் கட்டி –

(வரதராஜுலு யாரையும் கட்டிக்கொண்டு நான் பார்த்ததில்லை. வெட்டு.)

முடிவு (ஆ): அவர் எழுந்து உள்ளே போகிறார். மறுநாள் பதினொன்றுக்கு ஹாரிகா தனியாக –

(முடியும். அப்படித்தான் ஆகியிருக்கும் என்று நினைக்கிறேன். எழுதத் தெம்பில்லை.)

நடந்தது (இ).

வரதராஜுலு வந்தார். ஹாரிகாவும் இறங்கி வந்தாள். ரெண்டு பேரும் உட்கார்ந்தார்கள். மூன்று சுற்று ஓடியது. அவர் விரல்கள் காற்றில் உருண்டன. நின்றன.

"தம்பி."

"சார்."

"என்னமோ பண்ணிப்போட்டீங்க."

ரிஃபத் என்னைப் பார்த்தான். நான் காபி டம்ளரின் அடியைப் பார்த்தேன்.

"ஏனுங்க சார்?"

"நூல் மொத்தமாயிருச்சு. நேத்து வரைக்கும் இருந்த வழுவழுப்பு இல்ல. இது அறுபது. என்ன ஏமாத்த முடியாது."

நூற்றிருபது படங்கள், ஒன்றுகூடக் குறையாமல், நொடிதோறும் வந்து எங்களுக்கு முன்னால் விழுந்துகொண்டிருந்தன.

ஹாரிகா கன்ட்ரோலரைக் கீழே வைத்தாள். "ஆமாங்க நைனா. எனக்கும் அப்படித்தான் இருக்குது. ஒரு நிமிசம்."

எழுந்து டிவிக்குப் பின்னால் கையை விட்டாள். லைட் அடிக்கவில்லை. குனிந்து பார்க்கவில்லை. கை எதையும் தேடவில்லை. மூன்றிலிருந்து பிடுங்கி ஒன்றில் செருகினாள்.

"இப்பங்க?"

அவர் ஒரு வளைவு போனார். இடித்தார்.

"ஆங். பட்டு."

"சாரிங்க சார்," என்றான் ரிஃபத். "எந் தப்புத்தானுங்க."

"பரவால்ல தம்பி. இதெல்லாம் ஒரே நாள்ல வராது. மில்லுல பத்து வருசம் நிக்கோணும்." பெருந்தன்மையாக அவனுக்கு இன்னொரு காபி சொன்னார். அவன் குடித்தான். வேலை சுத்தமானவன், தன் வேலையைத் தானே கெடுத்ததாக ஒப்புக்கொண்டு குடித்த காபி அது.

6

கேட் வரை ஹாரிகா வந்தாள்.

"எப்ப இருந்து தெரியும் அம்மணி?" என்றேன்.

"மாறின மறுநாளே தெரியுமுங்க அங்கிள். தெரியாம இருக்குமா?"

"பின்ன ஏன் விட்டு வெச்ச?"

"மாத்தலாம்னு எந்திரிச்சனுங்க. நைனா 'பட்டு'ன்னாரு. உக்காந்துட்டேன்." கேட்டைத் திறந்துவிட்டாள். "யாரு மாத்துனதுன்னும் தெரியுமுங்க. அத உடுங்க. நீங்க மட்டும் யார்கிட்டயும் சொல்லிப்போடாதீங்க."

நான் என் செருப்பைத் தேடினேன். காலில்தான் இருந்தது. சொல்ல மாட்டேன் என்று சொன்னேன்.

அப்புறம் ஆசிரியர் கதை கேட்டார். மற்றது உங்களுக்குத் தெரியும்.

பெயர்களையும் பேட்டையையும் மாற்றியிருக்கிறேன். பிரயோஜனமில்லை. நூல் நம்பரில் டிவி பார்க்கிற ஆள் இந்த ஜில்லாவில் ஒருத்தர்தான். அவர் இந்தப் பத்திரிகைக்கு ஆயுள் சந்தாதாரர். வரிக்குக் கீழே விரல் வைத்துப் படிப்பார். இதுவரை படித்து வந்திருந்தால் விரல் இந்நேரம் இங்கே இருக்கும்.

அதனால் முடிவை உங்களிடம் விடுகிறேன். பெருந்தன்மை ஒன்றுமில்லை, களைப்பு. வருகிற ஞாயிற்றுக்கிழமை யாராவது ஒருத்தர் உங்களை அந்த வீட்டுக்கு அழைத்துப் போவார். காபி வரும். கார் ஓடும். வரதராஜுலு உங்கள் பக்கம் திரும்பி, "தெரியுதுங்களா?" என்று கேட்பார். ஹாரிகா டிவியைப் பார்த்துக்கொண்டிருப்பாள், உங்களைப் பார்க்க மாட்டாள். என்ன சொல்லப்போகிறீர்கள் என்பதை இப்போதே யோசித்து வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கதை கட்டுக்கதை என்று சேர்த்துச் சொன்னால் எனக்கும் உபகாரமாக இருக்கும்.

மூன்றாம் பகுதியில் ஒரு திருத்தம் உண்டு. பத்மாவதியம்மா வயரைத் தொடவே இல்லை. உடுமலைப்பேட்டையில் நான் பேசிய ஏற்புரையைப் பெரிய டிவியில் போட்டுக்காட்ட லேப்டாப் கொண்டுபோயிருந்தேன். பிடுங்கியதும் தப்பான ஓட்டையில் திருப்பிச் செருகியதும் நான்தான். ஏற்புரை பதினொன்றரை நிமிஷம். நாலாவது நிமிஷத்தில் அந்த அறையில் பல்லியும் நானும் மட்டும்தான் இருந்தோம்.