சபாபதிக்கு ஒரு பூசை

சினிமாவில் பத்து வருடம் கதை விவாதத்தில் உட்கார்ந்து பிரகாசம் சம்பாதித்தது தொப்பை ஒன்றைத்தான். அவன் வசனம் எழுதிய மூன்று படங்களில் இரண்டு பெட்டியைவிட்டு வெளியே வரவில்லை. வந்த ஒன்றை ஆவடியில் பார்த்தவர்கள், அதுவும் பெட்டிக்குள்ளேயே இருந்திருக்கலாம் என்றார்கள். தொண்ணூற்றாறில் ஒருவழியாக டிவி சீரியல் கிடைத்தது. செவ்வாய்தோறும் இரவில் 'வசனம்: பிரகாசம்' என்று பெயர் வரும்.

அந்தப் பெயரை மாமியார் ரோஸியம்மா ஒருநாளும் பார்த்ததில்லை. எல்லாரும் ஒன்றாக இருக்கும் மண்ணூர்பேட்டை வீட்டில் செபமாலை முடியாமல் டிவி போடக் கூடாது. அது முடிவதற்குள் பெயரெல்லாம் ஓடிவிடும்.

"நான் எழுதறதுதான் அத்தை" என்றால், "ஆமா, நியூஸும் நீதான் எழுதறே" என்பாள்.

மருமகனுக்கு வேலைவெட்டி கிடையாது என்பது அவள் கட்சி. அதை அவள் வாயாலேயே மாற்றிச் சொல்ல வைக்க வேண்டும். பிரகாசத்தின் வாழ்க்கை லட்சியம் அவ்வளவுதான். விருதெல்லாம் அப்புறம்.

சீரியலில் கதாநாயகியின் அப்பா சபாபதி. அந்த வேடத்தில் நடித்த நாகப்பன் ஆவடியில் ஃபேக்டரி வேலைக்கு லீவு போட்டுவிட்டு நடிக்க வருபவர். லீவெல்லாம் தீர்ந்துபோனது. டைரக்டர் தங்கவேல் ஒரே வார்த்தையில் முடித்தார்: "கொன்னுடு மச்சான்."

பிரகாசம் அழுதுகொண்டே கொன்றான். மாலை போட்ட போட்டோவுக்கு லீவு தேவையில்லை.

சாவு டிவியில் வந்த அடுத்த ஞாயிறு, மாதா கோயிலில் பூசை தொடங்குமுன் சாமியார் இறந்தவர்களின் பெயர்களை வாசித்தார். கடைசிப் பெயரில் கொஞ்சம் தயங்கினார். "சபாபதி ஆன்ம இளைப்பாற்றிக்காக... ஒப்புக்கொடுப்பவர் ரோஸியம்மா."

பிரகாசத்துக்குப் புல்லரித்தது. தன் எழுத்துக்குத் திருச்சபையே மரியாதை செய்கிறது! வெளியே வந்ததும் வாய் சும்மா இருக்கவில்லை.

"அத்தை, சபாபதி இந்துவாச்சே?"

"செத்தவருக்கு இன்னா மதம்? பொண்ணு கல்யாணத்தைக்கூட பாக்காம பூட்டாரு. தங்கமான மனுசன்."

"அவரைச் சாகடிச்சதே நான்தான்!"

ரோஸியம்மா பாதி மாட்டிய செருப்போடு நின்றாள். "நீயா?"

"நானே." பிரகாசம் மாரை நிமிர்த்தினான்.

"அந்த மனுசன் உன்னை இன்னா பண்ணாரு, பாவி? எழுதறப்போ கையி நடுங்கல?"

அன்று மீன்குழம்பில் அவன் தட்டுக்கு வால்தான் வந்தது. "போயும் போயும் கோயில் வாசல்லயா பாவசங்கீர்த்தனம் பண்ணுவாங்க?" என்று மனைவி ஜெயகுமாரி தலையில் அடித்துக்கொண்டாள்.

செவ்வாய் வந்தது. செபமாலை, ரயிலைப் பிடிக்க ஓடுகிற மாதிரி ஓடியது. மாதாவே மூச்சு வாங்கியிருப்பாள். பக்கத்து வீட்டு ஜரினாவையும் இழுத்து வந்து டிவி முன்னால் உட்காரவைத்திருந்தாள் ரோஸியம்மா. நாலு பேரை வில்லத்தனமாக மிரட்டுகிற வசனங்களை எழுதிய பிரகாசம், சமையலறைக் கதவுக்குப் பின்னால் ஒளிந்திருந்தான்.

பெயர் வந்தது. ரோஸியம்மா விரலை நீட்டினாள்.

"தோ பாரு ஜரினா, பிரகாசம்னு போட்டுக்கீது. இவன்தான் அந்த மனுசனைக் கொன்னவன்."

"யாருக்கா அது?"

ரோஸியம்மா முந்தானையை இழுத்துச் சரிசெய்துகொண்டாள்.

"என் மருமவன்தான். இதான் அவனுக்கு வேலை."