கராபெந்தாவின் தொடை

மைதானத்துக்குள் நுழையும் சுரங்கப்பாதையில் இரண்டு அணிகளும் வரிசையாக நின்றிருந்தபோது யாரோ மாலி கேப்டன் அதிமே தெம்பெலியின் முதுகில் ஓங்கித் தட்டினார்கள். திரும்பிப் பார்த்தான். கண் மட்டத்தில் ஒருவரையும் காணோம்.

"கீழ பாருடா, வெங்காயம். எப்பப் பாரு மேகத்தோடயே பேசிக்கிட்டு இருந்தா எப்படி?"

ஆரஞ்சுச் சட்டை, ஒன்பதாம் எண். அதிமேவின் நெஞ்சு உயரம்கூட இல்லை. இருபத்திரண்டு வயது பகரி கராபெந்தா சிரித்துக்கொண்டு நின்றான். மூன்று நாளுக்கு முன் ஐவரி கோஸ்ட் அணியின் பட்டியலில் இந்தப் பெயரைப் பார்த்ததிலிருந்தே அதிமேவுக்குச் சோறு இறங்கவில்லை. கராபெந்தா என்றால் போசோக்காரன், மீனவ இனம். அப்பன் மொப்தியிலிருந்து வலையைத் தூக்கிக்கொண்டு தெற்கே ஐவரி கோஸ்டின் கோசூ ஏரிக்கு மீன் பிடிக்கப் போனவன், பையன் அங்கேயே பிறந்து அந்த நாட்டுக்கு ஆட வந்துவிட்டான். எங்கே பிறந்தால் என்ன, போசோ போசோதான். அதிமே டோகோன், வெங்காயம் போடுகிற மலைக்காரன்.

"எட்டிப் போடா, மீன் நாத்தம்," என்றான் அதிமே. முறைப்படி சொல்ல வேண்டியதைச் சொல்லியாக வேண்டும்.

"எங்க தொடைக்கறியத் தின்னு வளர்ந்த உடம்பு! அதான் இந்த ஒசரம். ருசி எப்படி இருந்துச்சு? உப்பு போதுமா?"

மாலி வீரர்கள் எல்லோரும் சிரித்தார்கள். அந்தக் கதை தெரியாதவன் அங்கே யார்? ஏதோ ஒரு பஞ்சத்தில், பசியால் சாகக் கிடந்த டோகோன் பிள்ளைக்கு, மீன் கிடைக்காத போசோக்காரன் ஒருவன் தன் தொடைச் சதையை அறுத்துச் சுட்டுக் கொடுத்தானாம். அன்றிலிருந்து இரண்டு இனத்துக்கும் ஒரு கட்டு. ஒருவனை ஒருவன் அடிமை என்றுகூட வாய் வலிக்கத் திட்டலாம், கோபம் வரக் கூடாது. ஒருவன் கேட்டதை மற்றவன் மறுக்கக் கூடாது. ஒருவன் கையால் மற்றவன் ரத்தம் சிந்தவே கூடாது. முதலாவதைத்தான் சந்தையிலும் பேருந்திலும் கல்யாண வீட்டிலும் நாள் முழுக்கச் செய்கிறார்களே. மூன்றாவதைப் பற்றி யாரும் பேசுவதே இல்லை. பேச வேண்டிய அவசியம் வந்ததில்லை.

"என் அடிமைதானே நீ?" என்றான் கராபெந்தா. "ஒண்ணு கேக்குறேன். இன்னைக்கு ஒரே ஒரு கோல் விட்டுக்கொடு."

"அதை மட்டும் கேக்காத."

"சரி, பொழச்சுப் போ. அந்த ஒண்ணைப் பாக்கி வச்சுக்கிறேன். அப்புறம் வேற கேப்பேன்."

நடுவர் கையசைத்தார். வெளியே மாலித் தலைநகர் பமாக்கோவின் மாலை வெயில், ஐம்பதாயிரம் தொண்டை, தாளம் தப்பாத மேளம்.

அதிமேவுக்கு முப்பத்துநான்கு வயது. ஆறடி ஐந்து அங்குலம். பள்ளிக்கூடத்தில் வைத்த பனை என்ற பெயர் இன்றுவரை ஒட்டிக்கொண்டிருக்கிறது. நான்கு நாடுகளில் கழகங்களுக்கு ஆடிவிட்டான், நாட்டுக்காக எழுபத்தொரு முறை ஆடிவிட்டான், ஆப்பிரிக்கக் கோப்பைக்கு மட்டும் ஒரு முறைகூடப் போனதில்லை. ஒரு தடவை புறப்பட மூன்று நாள் இருக்கும்போது முழங்கால் போனது. ஒரு தடவை அப்போதைய பயிற்சியாளருக்கு இவன் முகமே ஆகவில்லை. இன்னொரு தடவை அணியே தேறவில்லை. மொப்தித் துறையில் இவனைப் பார்க்கும் மீன்காரிகள், "பனையே, கோப்பையில் காய்ப்பு எப்போ?" என்று கேட்காமல் விட்டதில்லை. வலது முழங்காலில் ஊசி போட்டுக்கொண்டு ஆடுகிறவனுக்கு அடுத்த கோப்பை என்று ஒன்று கிடையாது. இன்று இந்தக் கடைசித் தகுதி ஆட்டத்தைச் சமன் செய்தால் போதும், மாலி போய்விடும். ஒரு கோல் விழுந்தால் ஐவரி கோஸ்ட் போகும், இவன் வீட்டுக்குப் போவான்.

முதல் பாதி முழுக்கக் கராபெந்தா அவன் கண்ணில் விரலை விட்டு ஆட்டினான். குட்டையன், வேகக்காரன், பந்து காலில் ஒட்டிக்கொண்டு வந்தது. உயரப் பந்துகளை அதிமே தலையால் வாரித் தள்ளினான், அதில் ஒரு குறையும் இல்லை. தரைப் பந்துதான் வினை. இருபதாம் நிமிடத்தில் கால் நீட்டினால் பந்தை எடுத்துவிடலாம், கூடவே கணுக்காலும் கிடைக்கும் என்ற நிலை வந்தது. அதிமே காலை இழுத்துக்கொண்டான். கராபெந்தா உள்ளே புகுந்து அடித்தான், பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. முப்பத்தெட்டாம் நிமிடத்தில் மறுபடியும் அதே கதை. இந்த முறை கோல்காப்பாளன் முகத்தால் தடுத்தான், மூக்கில் ரத்தம்.

"ஏண்டா ஒதுங்குற?" என்றான் கராபெந்தா, மூச்சு வாங்கிக்கொண்டே. "தொடு, ஒட்டிக்காது. நான் குளிச்சுட்டுத்தான் வந்தேன்."

இடைவேளையில் பயிற்சியாளர் சுமாரே கதவைச் சாத்தினார். அவரும் இந்த மண்ணுக்காரர்தான், எந்த இனத்துக்கு எந்த இனம் என்ன முறை என்று பத்துத் தலைமுறைக்கு ஒப்பிப்பார். எல்லோரையும் விட்டுவிட்டு நேராக அதிமேவிடம் வந்தார்.

"எத்தனை தடவ கால இழுத்த?"

அதிமே முழங்கால் பட்டையை இறுக்கிக் கட்டினான்.

"ரெண்டு தடவ. நான் எண்ணினேன். நாடே எண்ணியிருக்கும். இதே ஒரு மொரோக்கோக்காரன் வந்திருந்தா இழுத்திருப்பியா?"

"அண்ணே, அவன் கராபெந்தா."

"தெரியும்! என் பொண்டாட்டி தம்பி டோகோன் பொண்ணைக் கட்டியிருக்கான், எனக்கே பாடம் எடுக்காத. முறையெல்லாம் அந்தச் சுண்ணாம்புக் கோட்டுக்கு வெளிய. உள்ள அவன் ஒன்பதாம் நம்பர், அவ்வளவுதான். முடியாதுன்னா இப்பவே சொல்லு, பனை. துலாய எறக்குறேன். உன்னைக் குத்தம் சொல்ல மாட்டேன்."

மூலையில் துலாய் என்ற இளம் தடுப்பாளன் காலுறையை மடித்துக்கொண்டே இந்தப் பக்கம் பார்க்காமல் பார்த்தான். உட்கார்ந்துவிடலாம். உட்கார்ந்திருக்க வேண்டும். பின்னாளில் அதிமேவே பலமுறை அப்படி நினைத்தான். ஆனால் எழுபத்தொரு ஆட்டம் ஆடியவனுக்குக் கடைசி நாற்பத்தைந்து நிமிடத்தை அடுத்தவனிடம் தூக்கிக் கொடுக்க மனசு வரவில்லை.

"ஆடுறேன்," என்றான்.

இரண்டாம் பாதியில் அவன் கராபெந்தாவுக்கு இரண்டடி தள்ளியே நின்று, பந்து அவனிடம் போகும் வழியை அடைத்தான். அதுவும் ஒரு வித்தைதான், எழுபது நிமிடம் வரை பலித்தது. அப்புறம் ஊசியின் வேகம் இறங்கி முழங்கால் தன் வேலையைக் காட்ட ஆரம்பித்தது. எண்பது. எண்பத்தைந்து. மேளக்காரர்கள் அடிப்பதை நிறுத்திவிட்டு எழுந்து நின்றார்கள். கராபெந்தாவும் இப்போது வாயைத் திறக்கவில்லை.

எண்பத்தொன்பதாம் நிமிடத்தில் மாலியின் நடுக்களத்தில் ஒருவன் பந்தைக் கோட்டைவிட்டான். நீளமாக ஒரு பந்து வந்தது. அதிமேவுக்கும் கோல் கம்பத்துக்கும் நடுவே வெறும் புல். கராபெந்தா அவனைத் தாண்டிவிட்டான். அதிமே ஓடினான். முழங்கால் ஒவ்வொரு அடிக்கும் கூப்பாடு போட்டது. கோல்காப்பாளன் முன்னே வந்து தடுமாறினான். கராபெந்தா அடிப்பதற்குக் காலைப் பின்னால் கொண்டுபோனான்.

அதிமே சறுக்கினான். கால் தரையோடு போனால் பந்து எட்டாது என்பது அவனுக்குத் தெரிந்தது. ஒரு சாண் தூக்கினால் எட்டும். தூக்கினால் வழியில் என்ன இருக்கிறது என்பதும் தெரிந்தது. பதினாறு வருடம் இதே வேலை செய்தவனுக்கு அதெல்லாம் யோசித்துத் தெரிய வேண்டியதில்லை.

தூக்கினான்.

பந்து பட்டு வெளியே பறந்தது. அதன் பிறகு காலணியின் ஆணிகள் எதையோ கிழித்துக்கொண்டு போயின. கராபெந்தா விழுந்த சத்தம் கேட்டது. நடுவர் இரண்டு கையையும் விரித்து, பந்தைத்தான் எடுத்தான், ஆடுங்கள் என்று காட்டினார். மைதானம் வெடித்தது. அதிமே எழுந்து பார்த்தபோது கராபெந்தா புல்லில் உட்கார்ந்து தன் இடது தொடையை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டிருந்தான். விரலிடுக்கில் ரத்தம் வழிந்தது.

வேறு எங்கே பட்டிருந்தாலும் பரவாயில்லை என்று ஒரு கணம் தோன்றியது. முட்டியில், நெற்றியில், எங்கேயாவது. தொடையிலா?

கராபெந்தா நிமிர்ந்து அவனைப் பார்த்தான். திட்டவில்லை. தூக்குப் படுக்கையில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

நான்கு நிமிடம் கழித்து ஊதல் ஒலித்தது. மாலி கோப்பைக்குப் போகிறது. துலாய் ஓடிவந்து அதிமேவின் இடுப்பைக் கட்டிக்கொண்டு அழுதான். சுமாரே எக்கி நின்று அதிமேவின் கன்னத்தில் முத்தமிட்டார். வானொலிக்காரன் ஒலிவாங்கியை வாய்க்குள்ளேயே திணித்துவிடுவான் போல நீட்டினான்.

"அந்தக் கடைசித் தடுப்பு! அப்ப மனசுல என்ன ஓடுச்சு, கேப்டன்?"

"பந்தை மட்டும்தான் பார்த்தேன்," என்றான் அதிமே. ஒலிபெருக்கியில் அதைக் கேட்டு ஐம்பதாயிரம் பேர் கைதட்டினார்கள். வாயில் மண் விழுந்ததுபோல் இருந்தது அவனுக்கு.

எதிரணியின் அறை நடைபாதையின் கடைசியில் இருந்தது. தோற்ற அணியின் அறையில் எப்போதும் தண்ணீர் சொட்டும் சத்தம்தான் பெரிதாகக் கேட்கும். கதவுச் சட்டத்தில் இடிக்காமல் தலையைக் குனிந்து உள்ளே போனான். யாரும் அவனைத் தடுக்கவில்லை, யாரும் வாவென்றும் சொல்லவில்லை. மேசைமேல் கராபெந்தா படுத்திருந்தான். மருத்துவர் தைத்துக்கொண்டிருந்தார்.

"வாங்க, கேப்டன்," என்றான் கராபெந்தா. "உக்காருங்க. வாழ்த்துக்கள். அருமையான தடுப்பு."

போசோக்காரன் ஒருவன் தன்னிடம் மரியாதையாகப் பேசி அதிமே பிறந்ததிலிருந்து கேட்டதில்லை. மொப்தியில் அவன் அப்பா செத்த அன்றுகூட, பக்கத்து வீட்டு மீன்காரர் பிணத்தின் தலைமாட்டில் நின்று, "வெங்காய மூட்டையே, வாங்கின மீனுக்குப் பதில் சொல்லாம நழுவிட்டியே," என்றுதான் திட்டினார். அழுதுகொண்டிருந்த அத்தனை பேரும் சிரித்தார்கள்.

"திட்டுடா," என்றான் அதிமே.

"எதுக்குங்க? ஆட்டம்னா அடி படத்தான் செய்யும். நடுவரே சரின்னுட்டாரே."

"வலிக்குதா?"

"பரவாயில்லைங்க. பதினோரு தையல்தான்."

அதிமே நின்ற இடத்திலேயே முழங்காலிட்டான். வலது கால் மடங்க மறுத்தது, பலவந்தமாக மடக்கினான். இப்போது அவன் முகம் கராபெந்தாவின் முகத்துக்கு நேரே வந்தது.

"பந்தை மட்டும்தான் பார்த்தேன்னு வானொலியில சொன்னேன். பொய். கால் தானா ஏறல, நான்தான் தூக்கினேன். உன் தொடை அங்க இருக்குன்னு தெரிஞ்சுதான் தூக்கினேன்."

மருத்துவரின் கை நின்றது. கராபெந்தா முகத்தைக் கூரைப் பக்கம் திருப்பிக்கொண்டான்.

"எங்கப்பா டிவியில பார்த்திருப்பாரு," என்றான். "ஏரிக்கரையில எல்லாரையும் கூட்டி உக்கார வச்சு, பாருங்கடா, நம்ம டோகோன்காரன், ஒரு படகு நீளம் இருக்கான், நம்ம பிள்ளையத் தூக்கி எறியாம எப்படி ஆடுறான் பாருங்கன்னு சொல்லிட்டிருந்திருப்பாரு. முதல் பாதியில ரெண்டு தடவ நீ கால இழுத்ததை நானும் பார்த்தேன். உனக்காகத்தான் இன்னைக்கு மீன் சாப்பிடாம வந்தேன்னு சொல்லிச் சிரிக்கணும்னு நெனச்சேன்."

"கேளு," என்றான் அதிமே. "ஒண்ணு பாக்கி வச்சிருக்கியே. எதை வேணா கேளு."

கராபெந்தா தலையைத் திருப்பினான். கண் கலங்கியிருந்தது. ஆனால் உதட்டின் ஓரம் மெல்ல மேலே போனது, சுரங்கப்பாதையில் பார்த்த அதே சிரிப்பு.

"கேக்கவா? சரி, கேட்டுக்கோ, நெட்டைக் கழுதை. கோப்பைக்குப் போகாத. நான் போகல, நீ மட்டும் அங்க போய் யார் தொடையத் தின்னப் போற? வீட்டுல உக்காந்து வெங்காயம் உரி."

மருத்துவர்கூடச் சிரித்துவிட்டார். அந்த வசவு அதிமேவின் காதில் விழுந்ததும், தாகத்தில் கிடந்தவன் வாயில் தண்ணீர் பட்டதுபோல் ஆனது. கட்டு அறுந்துபோகவில்லை. அவன் கண்ணிலிருந்து மளமளவென்று வழிந்தது, துடைத்துக்கொள்ளவில்லை.

"சரி," என்றான்.

"என்ன சரி?"

"போகல."

கராபெந்தாவின் சிரிப்பு அப்படியே நின்றது. முழங்கையை ஊன்றி எழப் பார்த்தான், மருத்துவர் தோளை அமுக்கினார்.

"டேய், சும்மா சொன்னேன்டா!"

"நான் சும்மா செய்யலையே," என்றான் அதிமே. மேசையைப் பிடித்துக்கொண்டு எழுந்தான்.

"உனக்குப் பைத்தியமா? இதுக்காகத்தானே நீ... எத்தனை வருசம்டா! கேட்டதைத் திருப்பி எடுத்துக்கிறேன். கேக்குதா? எடுத்துக்கிட்டேன்!"

"கேட்டாச்சு, குடுத்தாச்சு. காலை ஆட்டாத, தையல் பிரியும்."

கதவில் தலையைக் குனிந்து வெளியே வந்தான். பின்னாலிருந்து கராபெந்தா தொண்டை கிழியக் கத்தினான்: நெட்டைக் கழுதை, மட்டி, வெங்காய மூட்டை, மூளையில்லாப் பனைமரம், திரும்பி வாடா. நடைபாதை முழுக்க அந்த வசவுகள் அவனோடு கூடவே வந்தன. தன் அணியின் அறைக்குள் பாட்டும் கும்மாளமும் கூரையைப் பிய்த்துக்கொண்டிருந்தன. அதிமே கையிலிருந்த கேப்டன் பட்டையைக் கழற்றிச் சுமாரேயிடம் நீட்டி, கோப்பைப் பட்டியலில் என் இடத்தில் துலாய் பெயரை எழுதிக்கொள்ளுங்கள் என்றான்.