கோபத்துக்கு முன் ஒரு கவளம்

1

ஒரு புகழ்பெற்ற நடிகையின் தன்வரலாற்றை அவருக்காக எழுதிக் கொடுத்தேன். அந்தப் புத்தகத்துக்குள் அடங்காமல் வெளியே வழிந்ததுதான் இந்தக் கதை.

முதலில் இப்படித் தொடங்கினேன்: 'வாழ்க்கை என்பது ஒரு நீண்ட...' (வேண்டாம். அந்த மாதிரி வாக்கியங்களை அவர் புத்தகத்திலேயே வேண்டிய மட்டும் எழுதித் தீர்த்துவிட்டேன்.)

சரி, இப்படி: நடிகைக்குத் தன் அம்மாவிடமிருந்து மிஞ்சியது ஒரே ஒரு வாக்கியம். "முதல்ல சாப்பிடு, அப்புறம் கோவிச்சுக்கலாம்." விவரம் தெரிவதற்குள் அம்மா போய்விட்டார். முகம் நினைவில்லை, இந்தப் பேச்சு மட்டும் காதில் இருக்கிறது என்பார். யாரோடு சண்டை என்றாலும் எதிராளிக்கு முதலில் ஒரு தட்டு வைப்பார். புத்தகத்தின் கடைசி அத்தியாயமே அதுதான்.

2

புத்தகத்தை ஒலிவடிவிலும் கொண்டுவந்தார்கள். படிக்க வந்தவர், நடிகையின் எல்லாப் படங்களுக்கும் பின்னணிக் குரல் கொடுத்தவர். (நடிகையின் சொந்தக் குரல் கரகரப்பானது. ரசிகர்கள் கேட்டதே இல்லை.) ஒலிப்பதிவுக் கூடத்தில் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர்; இந்தப் பக்கம் நடிகையும் நானும்.

கடைசி அத்தியாயத்தில் குரல் நின்றது.

"அக்கா, இது உங்கம்மா சொன்னதா?"

"ஆமாடி, ஏன்?"

"இல்லக்கா... இது நம்ம மூணாவது படத்துல நான் பேசுனது. வசனத்துல 'சாப்பிடு'ன்னு ஒரே வார்த்தை. திரையில உங்க வாய் பாட்டுக்கு அசைஞ்சுகிட்டே இருந்துச்சு. அதை நிரப்ப, எங்கம்மா வீட்டுல சொல்றதைச் சேர்த்துப் பேசிட்டேன்."

"அடிப்பாவி! நான் வாயில இருந்ததை மென்னுகிட்டு இருந்தேன்டி!"

மூவரும் விழுந்து விழுந்து சிரித்தோம். நடிகைதான் முதலில் நிறுத்தினார்.

"படத்துல கேட்டதையா அம்மா சொன்னதுன்னு நெனச்சுகிட்டு இருந்தேன்? எனக்குன்னு இருந்தது அது ஒண்ணுதான். அப்ப எங்கம்மா என்னதான் சொன்னாங்க?"

3

(இங்கே ஒரு பத்தி உபதேசம் இருந்தது. அடித்துவிட்டேன்.)

குரல்காரரை இவ்வளவு நல்லவராகக் காட்டினால் நம்புவீர்களா என்று எனக்கே சந்தேகம். ஆனால் அவர் செய்ததைத்தான் எழுதுகிறேன். வெளியே வந்தார். தன் சாப்பாட்டு டப்பாவைத் திறந்து நடிகையின் மடியில் வைத்தார்.

"முதல்ல சாப்பிடுங்கக்கா, அப்புறம் அழுதுக்கலாம். எங்கம்மா உங்களுக்கும் சேர்த்துத்தான் சொல்லிவெச்சிருக்காங்க."

நடிகை அழுதுகொண்டே மென்றார்.

4

முடிவு ஒன்று: வாக்கியத்தை நீக்கிவிட்டோம். (மனம் வரவில்லை. எத்தனை பேர் அதனால் வயிறாரச் சாப்பிட்டிருக்கிறார்கள்!)

முடிவு இரண்டு: உண்மையை அச்சிட்டோம். (அப்படியானால் அவருக்கு அம்மா என்று எது மிஞ்சும்?)

நடந்தது இவ்வளவுதான். நடிகை வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "இந்த ஒரு வரியை நானே படிக்கிறேன்" என்று கண்ணாடிக்குள் போனார். சிவப்பு விளக்கு எரிந்தது. கரகரத்த குரல் எழுந்தது.

யார் சொன்னதாகப் படித்தார் என்பதை நான் எழுதப்போவதில்லை. ஒரு தாயின் பேச்சை இன்னொரு பிள்ளையின் காதுக்கும் கொண்டுசேர்த்த இறைவனுக்கு நன்றி சொல்வதோடு என் வேலை முடிந்தது. மிச்சம் உங்களுடையது. அந்த வாக்கியத்தை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப்பாருங்கள். யாருடைய குரலில் கேட்கிறதோ, அவரை இந்த அடைப்புக்குள் எழுதிக்கொள்ளுங்கள்: (            )

அவர் இன்னும் இருக்கிறார் என்றால், புத்தகத்தை மூடிவிட்டுப் போய், சாப்பிட்டாரா என்று கேளுங்கள்.