தொண்ணூறுக்கு மேல் பதினான்கு பேர்

என் மகள் ஓடெட் கணக்கில் தொண்ணூற்றாறு வாங்கியிருந்தாள். ஆனாலும் எட்டாம் வகுப்பில் கெட்டிக்காரப் பிள்ளைகளுக்கென்று நடத்தும் இயற்கணித வகுப்புப் பட்டியலில் அவள் பெயர் இல்லை.

"கானருக்கு எண்பத்தொண்ணுதாம்மா. அவன் பேரு இருக்கு," என்றாள், ஷூவைக்கூடக் கழற்றாமல்.

கானர் ஏரிக்கரைப் பணக்காரத் தெருவிலிருந்து வரும் வெள்ளைக்காரப் பையன், அப்பா வக்கீல். நாங்கள் கறுப்பர்கள்; நான் கிளீவ்லாந்தில் நகரப் பேருந்து ஓட்டுகிறேன்.

மறுநாள் சீருடையோடு பள்ளிக்குப் போனேன். ஆலோசகர் மிஸ் ஹால்வர்சன் அன்பாகத்தான் பேசினார்.

"ஓடெட் நல்ல பொண்ணுங்க. ஆனா அந்த வகுப்பு கஷ்டம். வீட்ல யாராச்சும் சொல்லிக் கொடுக்கணும்."

"எங்க வீட்ல ஆள் இல்லன்னு யாருங்க சொன்னா?"

என் சட்டையிலிருந்த பேருந்து முத்திரையைப் பார்த்துவிட்டுச் சட்டென்று கண்ணை எடுத்துக்கொண்டார். பட்டியல் போடுவது மதிப்பெண்ணை வைத்தல்ல, ஆசிரியர் சிபாரிசை வைத்து என்பது அவர் சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது.

"வேணும்னா ஓடெட்ட மட்டும் சேத்துக்கறோம், மிஸஸ் டில்மன்," என்றார் கடைசியில்.

சந்தோஷமாக வீடு திரும்பினேன். ஓடெட் முகம் மலரவில்லை.

"அப்ப என் ஃப்ரெண்டு ஷனீஸ்? அவ பேரும் இல்லியே. அவ தொண்ணூத்திநாலும்மா."

"ஊருக்கெல்லாம் நானே வண்டி ஓட்டணுமாடி?"

"ஓட்டிட்டுதானேம்மா இருக்க?"

சிரிப்பு வந்துவிட்டது. அந்த வாரமே ஊர்ப் பள்ளிகளை நடத்தும் கல்விக் குழுவின் பொதுக் கூட்டத்துக்குப் போனேன். மைக்கில் மூன்று நிமிடம் கொடுத்தார்கள். எழுதி வைத்ததை விட்டுவிட்டு ஒரே கேள்வி கேட்டேன்.

"தொண்ணூறுக்கு மேல வாங்கியும் வெளிய நிக்கற பிள்ளைங்க எத்தன பேருங்க?"

யாருக்கும் தெரியவில்லை. எண்ணிச் சொல்ல இரண்டு வாரம் ஆயிற்று. பதினான்கு பேர். பதினொருவர் கறுப்புப் பிள்ளைகள். மற்ற மூவர் உருக்காலை மூடியதில் வேலை போன வெள்ளைக் குடும்பங்களின் பிள்ளைகள். பதினான்கு பேரின் பெற்றோரும் அடுத்த கூட்டத்துக்கு வந்தார்கள். தொண்ணூறு வாங்கினால் யார் சிபாரிசும் வேண்டாம், இடம் உண்டு என்று அன்று முடிவாயிற்று.

இயற்கணித வகுப்பின் முதல் தேர்வில் ஓடெட்டுக்கு அறுபத்தொன்று.

"அந்த ஆலோசகர் மேடம் சொன்னது சரிதானோ?" என்று அழுதாள்.

"வாயக் கழுவுடி. எனக்கு ஐம்பத்தெட்டு, நானே அழல," என்றாள் ஷனீஸ்.

ஞாயிறுதோறும் அந்த வகுப்புப் பிள்ளைகள் ஆறேழு பேர் என் சமையலறை மேசையைச் சுற்றி உட்கார்ந்து சண்டை போட்டுக்கொண்டே கணக்குப் போட்டார்கள். எனக்கு அந்தக் கணக்கு புரியாது. மக்ரோனி வேகவைத்து நடுவில் வைப்பேன்.

கிறிஸ்துமஸ் விடுமுறைக்கு முன் வந்த தேர்வில் ஓடெட் எண்பத்தொன்பது. ஷனீஸ் தொண்ணூற்றிரண்டு வாங்கி அவளை ஒரு வாரம் கேலி செய்தாள்.