நீலம் உறிஞ்சிய பாதி

கிள்ளானில் இருந்த அந்த அலங்கார மீன் கடையில் அப்போது இருந்தவர்கள்: முதலாளி உஷாராணி, வேலையாள் யுகேந்திரன், பக்கத்துத் தெருவில் துணிக்கடை வைத்திருக்கும் கௌஸ். உப்புத் தண்ணீர்த் தொட்டிக்குள் கௌஸ் சொல்லி வரவழைத்த ஆரஞ்சுக் கடற்பஞ்சு. அதற்கு உயிர் இருக்கிறதா என்பதுதான் கேள்வி. இல்லையென்றால் யுகேந்திரனுக்கு வேலை இல்லை.

வெள்ளிக்கிழமை சாமி கும்பிடுவதற்கு முன் கடையைக் கழுவிவிடுவது அங்கே வழக்கம். போன வெள்ளி அவன் பஞ்சையும் வெளியே எடுத்து, தண்ணீர் சொட்டச் சொட்டத் தூக்கிப் பிடித்து, அழுக்கைத் தட்டிவிட்டுத் திரும்ப வைத்தான். இப்போது அதன் ஒரு பக்கம் வெளுத்துக் கிடந்தது.

"செடிய வெளிய எடுத்தா என்னக்கா?"

"செடியா? மிருகம்லா அது. உடம்பு முழுக்க ஓட்டை. வெளிய தூக்கினா எல்லாத்தையும் காத்து அடைச்சுக்கும். அப்புறம் எப்படித் திங்கும்?"

"வாய் எங்க?"

"வாயும் இல்ல, வயிறும் இல்ல, மூளையும் இல்ல. ஓட்டை வழியா தண்ணிய இழுத்து, கிருமியத் தின்னுட்டு, மிச்சத்த மேல விட்டுடும்."

கௌஸ் சிரித்தார். "மூளை இல்லாததுக்கா நான் இத்தன நாளா காத்திருந்தேன்?"

உஷாராணி சங்குப்பூ ஊறிய நீலத் தண்ணீரைச் சொட்டுக்குழாயில் எடுத்து, பஞ்சின் அருகே மெல்ல விட்டார். வெளுத்த பக்கத்தில் நீலம் புகைபோல அப்படியே நின்றது. ஆரஞ்சுப் பக்கத்தில் விட்டதும் உள்ளே போய்விட்டது. யுகேந்திரன் கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டான். வேலை போகுமா என்ற நினைப்பே இல்லை. கொஞ்ச நேரத்தில் உச்சியிலிருந்த பெரிய துளையிலிருந்து நீலம் நூலாக எழுந்தது.

"உயிர் இருக்குக்கா!"

"பாதிக்கு. செத்த பாதி அழுகினா மீனெல்லாம் போயிரும்."

"வெட்டிட்டா?"

"மிச்சம் பிழைக்கலாம். சில வகைய துணியில போட்டுப் பிழிஞ்சு தூளாக்கினாலும் திரும்ப ஒட்டிக்குமாம்."

"அதுக்கு என் கடைத் துணியக் கேக்காத உஷா," என்றார் கௌஸ். "அரை வேட்டிய நான் யாருக்காவது வித்திருக்கேனா? எனக்கு முழுசா வரவழை." சொல்லிவிட்டுப் போனார்.

உஷாராணி தண்ணீருக்குள்ளேயே வெள்ளைப் பாதியை வெட்டி, வெளியே எடுத்து எறிந்தார்.

"சாவிய வச்சிட்டுப் போ."

"பாதி பிழைச்சிருச்சேக்கா."

"பாதி செத்திருச்சுலா."

சாவியை மேசைமேல் வைத்தான். "அந்த ஆரஞ்சுத் துண்ட நான் எடுத்துக்கவா?"

"வீட்ல தொட்டி இருக்கா?"

"வாளி இருக்கு."

"வாளியில தாங்காது."

"எவ்வளவு தாங்குதுன்னு பாக்கறேன்."

உஷாராணி பிளாஸ்டிக் பையைத் தொட்டிக்குள் அமிழ்த்தி, துண்டு காற்றில் படாமல் அதற்குள் தள்ளி, தண்ணீருக்கடியிலேயே முடிச்சுப் போட்டுக் கொடுத்தார்.

அவன் பையைக் கண்ணுக்கு நேரே பிடித்து, நீலம் எழுந்த அந்தத் துளையைத் தேடிக்கொண்டே தெருவில் இறங்கினான். உஷாராணி அவனுக்குப் பின்னால் கிரில் கதவை இழுத்துச் சாத்திப் பூட்டினார்.